வெஞ்சனம் கேட்ட கேப்டன்

என் வலது கை மோதிர விரலில் மோதிரம் ஏறாது. பள்ளிக்கூட நாளிலிருந்து கிரிக்கெட் பந்தை முறுக்கி முறுக்கி, நடுக்கணு புளியங்கொட்டை போலப் புடைத்து, விரலே ஒரு பக்கமாகச் சாய்ந்துவிட்டது. கல்யாணத்தன்று கோயிலில் என் மனைவி பிலோமினா மோதிரத்தை வைத்துக்கொண்டு அந்தக் கணுவோடு செத்த நேரம் மல்லுக்கட்டினாள். கடைசியில் பாதிரியாரே குனிந்து, "எடது கைல போடும்மா, ஆண்டவர் ஒண்ணும் நெனைக்க மாட்டார்" என்று மெதுவாகச் சொன்னார். அதுதான் லெக் ஸ்பின் எனக்குக் கொடுத்த முதல் பட்டம். இரண்டாவது பட்டத்தைப் பற்றிச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

மாவட்ட கிரிக்கெட் மலருக்கு எழுதித் தரச் சொல்லி இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். "நம்ம பக்கத்துல லெக் ஸ்பின் போட்டே சம்பளம் வாங்குனவர் நீங்கதான சார்" என்றார்கள். இப்போது எந்த அணியைப் பார்த்தாலும் ஒரு லெக் ஸ்பின்னர் இருக்கிறார். பந்து காற்றில் எத்தனை தடவை சுற்றியது என்று டிவியில் எண் போட்டுக் காட்டுகிறார்கள். நான் போட்ட காலத்தில், அடிபட்ட பந்து எத்தனை வரப்பு தாண்டியது என்று மட்டும்தான் எண்ணினார்கள். "அந்தக் காலத்து நுணுக்கங்களை எழுதுங்க சார்" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். எனக்குத் தெரிந்த நுணுக்கம் ஒன்றுதான். அதில் கருவாடு வருகிறது. மலரில் போடுவதும் போடாததும் அவர்கள் பாடு.

கற்றுக்கொண்ட கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வேகமாக ஓடிவந்து போட எனக்கு மூச்சு போதாது. பேட் பிடித்து நிற்கத் தைரியம் போதாது. மிச்சம் இருந்தது சுழல். விளையாடாதவர்களுக்காக ஒரு வார்த்தை: லெக் பிரேக் என்பது பேட்ஸ்மேனின் கால் பக்கம் விழுந்து வெளியே விலகிப் போகும் பந்து. மோதிர விரல் அதை உருட்டிவிடும். அதே ஓட்டம், அதே கைவீச்சு, ஆனால் கடைசி நொடியில் மணிக்கட்டைக் கவிழ்த்துப் புறங்கையை பேட்ஸ்மேனுக்குக் காட்டினால் பந்து எதிர்ப்பக்கம், உள்ளே திரும்பும். அது கூக்ளி. பேட்ஸ்மேனுக்கு எது எதுவென்று தெரியக்கூடாது. என் விஷயத்தில் பல நேரம் எனக்கே தெரியாது.

வேடசந்தூர் பக்கம் ஒரு நூற்பாலையில் கிரிக்கெட் அணிக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு திண்டுக்கல்லில் இருந்து மில் பஸ் ஏறிப் போனேன். பணியாளர் அதிகாரி கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.

"என்ன தெரியும்?"

"ஸ்பின் சார்."

"எத்தனை கவுண்ட்?"

நூலின் மெலிவுக்கு மில்லில் சொல்லும் எண்தான் கவுண்ட் என்பது எனக்கு எப்படித் தெரியும்? போன வருடம் எடுத்த விக்கெட்டைக் கேட்கிறார் என்று நினைத்து, "நாப்பது சார்" என்றேன். நாற்பதாம் கவுண்ட் ஓடும் ஸ்பின்னிங் பிரிவில் போட்டுவிட்டார். இரண்டு நாள் கழித்துத்தான், வந்தவன் பந்து போடுகிற ஸ்பின்னர் என்று அவருக்கும், இது நூல் நூற்கிற ஸ்பின்னிங் என்று எனக்கும் புரிந்தது. அதற்குள் அறுந்த இழையைச் சேர்க்கக் கற்றுக்கொண்டிருந்தேன். "விரலு நல்லாத்தான் வேலை செய்யுது, இருக்கட்டும்" என்றார்.

இருக்கட்டும் என்றால் பதிலியாக. பதிலி என்பவன் தினமும் காலையில் மில் கேட்டில் நிற்க வேண்டும். நிரந்தரத் தொழிலாளி யாராவது வராவிட்டால் அவர் இடத்தில் அன்றைக்கு வேலை. எல்லாரும் வந்துவிட்டால் அடுத்த பஸ்ஸில் வீடு. ஆட்டம் உள்ள நாளில் மட்டும் எனக்கு வேலை நிச்சயம். அப்படி மூன்று வருடம் நின்றேன். மில்லில் யாருக்காவது காய்ச்சல் என்றால் என் முகத்தில்தான் முதலில் வெளிச்சம் வரும் என்று எங்கள் விக்கெட் கீப்பர் பஷீர் சொல்லுவான். பஷீர் வீட்டில் தோல் மண்டி வைத்திருந்தார்கள். அவன் கையுறையின் உள்ளங்கையில் அவனே தைத்த ஆட்டுத்தோல் ஒட்டு இருக்கும். என்னை "மாப்ளே" என்பான்.

அணியின் கேப்டன் மாணிக்கம் அண்ணன். கார்டிங் பிரிவில் மேஸ்திரி. பஞ்சைச் சிக்கெடுக்கும் அந்த எந்திரங்களின் இரைச்சலில் பத்து வருடம் பேசிப் பழகியவர்களுக்கு ரகசியம் பேச வராது. அண்ணன் காதோடு காதாகச் சொன்னால் பக்கத்து ஊர் ஆடு திரும்பிப் பார்க்கும். நெற்றியில் திருநீறு, கழுத்துக் காலரில் கைக்குட்டை. சுத்த சைவம். கேக் கொடுத்தால் முகர்ந்து பார்த்து, முட்டை வாடை அடிக்கிறது என்று திருப்பிக் கொடுத்துவிடுவார். அவ்வளவு பெரிய குரலை வைத்துக்கொண்டு அவர் யாரையும் ஒரு நாளும் திட்டியதில்லை.

எங்கள் மைதானம் செம்மண் தரை. ஆட்டத்துக்கு முன்னால் கயிற்று விரிப்பை விரித்து, ஓரம் முழுக்க இரும்பு ஆணி அடிக்க வேண்டும். நாங்கள் அதை மேட் என்போம். மேட்டைக் கொஞ்சம் தொய்வாக விட்டால் சுழல் பந்து தாறுமாறாகத் திரும்பும். சொந்த ஊரில் ஆடுகிற அணிகள் எல்லாம் அதைத்தான் செய்யும். அண்ணன் மட்டும் விடிந்ததும் வந்து, தானே சுத்தியல் பிடித்து, மேளத்தோல் மாதிரி இழுத்துக் கட்டுவார்.

"அண்ணே, கொஞ்சம் விட்டுக் கட்டுனா எனக்கு நல்லா இருக்கும்" என்று ஒரு நாள் கேட்டுப் பார்த்தேன்.

"விட்டுக் கட்டுனா திரும்பும்டா. திருப்புனது நீயா, மேட்டான்னு யாரு சொல்றது?" என்றார். மேட்டைப் புகழ்ந்தாலும் பரவாயில்லை, விக்கெட் என் பெயரில் வந்தால் போதும் என்று சொல்ல நினைத்தேன். கையில் சுத்தியல் இருந்ததால் சொல்லவில்லை.

என் முதல் ஆட்டத்தில், கரூர்ப் பக்கத்து மில் அணிக்காரர் ஒருவர் என் முதல் ஓவரிலேயே மூன்று சிக்சர் அடித்தார். மூன்றாவது போய் முருங்கைத் தோட்டத்துக்குள் விழுந்தது. பந்தைத் தேடி எடுத்துவந்து கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டு ஓடிவந்தேன். கை மேலே போனது. பந்து கையை விட்டுப் போக மாட்டேன் என்றது. அம்பயரைத் தாண்டி வெறுமனே ஓடி நின்றேன். மறுபடி ஓடிவந்தேன். மறுபடியும் அதே. விரல் ஐந்தும் பந்தோடு ஒட்டிக்கொண்டன. மைதானத்தில் சிரிப்பு.

பந்து போடுகிறவனுக்குச் சற்றுத் தள்ளி நிற்கும் இடமான மிட் ஆஃபில் இருந்து அண்ணன் நடந்து வந்தார். ஓடிவரவில்லை. பக்கத்தில் நின்று கைக்குட்டையைச் சரிசெய்துகொண்டார்.

"காலைல என்ன வெஞ்சனம்?"

மைதானம் முழுக்கக் கேட்டது. பிற ஊர்க்காரர்களுக்குச் சொல்கிறேன்: வெஞ்சனம் என்றால் சோற்றுக்குத் தொட்டுக்கொள்வது.

"கத்திரிக்காண்ணே."

"பொரியலா, கொத்சா?"

"பொரியல்."

"நல்லா இருந்துச்சா?"

"உப்பு கொஞ்சம் தூக்கல்."

"ம். போடு."

திரும்பி நடந்து மிட் ஆஃபுக்குப் போய்விட்டார். அடுத்த பந்து கையை விட்டு ஒழுங்காகப் போனது. ஒழுங்காகப் போய் நாலு ரன்னுக்கும் போனது, அது வேறு விஷயம். அன்றிலிருந்து அதுவே வழக்கம். நான் அடிவாங்கும்போதெல்லாம் அண்ணன் வருவார், கடைசியாகச் சாப்பிட்டதன் வெஞ்சனத்தைக் கேட்பார். ஒரே நாளில் ஐந்து தடவை அடிவாங்கினால் ஐந்து தடவையும் அதே கேள்வி. அதே பதிலை அதே நிதானத்தோடு சொல்ல வேண்டும்.

ஒரு நாள் டீக்கடையில் காரணம் கேட்டேன்.

"வாய் ஒரு நெசத்தைச் சொல்லிருச்சுன்னா கை பதறாதுடா அப்பு" என்றார். "உங்கிட்ட வேற என்ன நெசத்தைக் கேக்க முடியும்? நல்லாப் போடுறியான்னா போடுறேம்ப. பயமா இருக்கான்னா இல்லேம்ப. வெஞ்சனத்துல பொய் சொல்ல ஒனக்கு ஒரு காரணமும் இல்லைல்ல."

நெசம் என்பதில் அண்ணன் எவ்வளவு கறார் என்பதற்கு ஒரே ஒரு சம்பவம். துரைப்பாண்டி என்று எங்கள் வேகப்பந்து வீச்சாளன். தரையில் பட்டுக் குதித்த பந்தைப் பிடித்து, கேட்ச் என்று கத்திவிட்டான். அம்பயரும் விரலைத் தூக்கிவிட்டார். பேட்ஸ்மேன் பாதித் தூரம் போன பிறகு, அண்ணனே போய் அவரைக் கூப்பிட்டு வந்தார். துரைப்பாண்டியிடம் ஒரு சொல் சொல்லவில்லை. ஆனால் அந்த வருடம் அவனை நிரந்தரம் செய்வதற்கான படிவம் வந்தபோது, கேப்டன் நிரப்ப வேண்டிய கட்டங்களில் 'நேர்மை' என்ற கட்டத்தை மட்டும் வெறுமையாக விட்டுக் கையெழுத்துப் போட்டார். படிவம் திரும்பி வந்துவிட்டது. துரைப்பாண்டி பனியன் கம்பெனிக்குத் திருப்பூர் போய்விட்டான்.

மூன்றாவது வருடம் அதே படிவம் என் பெயருக்கு வந்தது.

அந்த நேரம்தான் எனக்குப் பெண் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிலோமினா வீட்டுக்கு வத்தலக்குண்டு. அவளுடைய மாமா, பையன் என்ன செய்கிறான் என்று கேட்டதற்கு எங்கள் அப்பா பெருமையாக, "லெக் ஸ்பின் போடுறான்" என்றிருக்கிறார். மாமா சற்று யோசித்துவிட்டு, "கால்ல என்ன செய்யுது? வைத்தியம் பாக்குறீங்களா?" என்று அனுதாபத்தோடு விசாரித்தாராம். விளக்கிச் சொன்ன பிறகு அவர் கேட்டது ஒன்றுதான்: "நெரந்தரமா?" படிவம் போயிருக்கிறது என்றார் அப்பா. "வந்ததும் சொல்லுங்க, நாள் குறிச்சிரலாம்" என்றார் மாமா. போயிருக்கிறது என்று அப்பா சொன்ன படிவம் மாணிக்கம் அண்ணனின் சட்டைப்பையில் மடித்தபடி இருந்தது. ஃபைனல் முடிந்ததும் நிரப்பித் தருகிறேன் என்று சொல்லியிருந்தார்.

ஃபைனல், மில்களும் வங்கிகளும் ஆடும் ஒரு கோப்பைக்கு. எங்கள் மைதானத்தில், இரண்டு நாள் ஆட்டம். எதிரே சென்னையில் இருந்து வந்த வங்கி அணி. அவர்களுடைய நடு ஆட்டக்காரர் ஒருவர் ரொம்ப உயரம். பின்னால் பெரிய பதவிக்குப் போய் ஓய்வு பெற்றவர், பெயர் வேண்டாம். நெட்டையர் என்று வைத்துக்கொள்வோம். ஆளைப் போலவே படிப்பும் உயரம். மைதானத்தில் நடக்கிற எதையும் கணக்குப் போட்டுப் பார்க்கிறவர்.

இரண்டாம் நாள் காலை அவர்கள் வெற்றிக்காகத் துரத்திக்கொண்டிருந்தார்கள். நெட்டையர் என்னைத் தலைக்கு மேல் தூக்கி ஒரு சிக்சர் அடித்தார். அண்ணன் வந்தார்.

"காலைல என்ன வெஞ்சனம்?"

"பழையதுக்குச் சுட்ட கருவாடுண்ணே."

அண்ணன் மூக்கைச் சுளித்துக்கொண்டே, "நல்லா இருந்துச்சா?" என்றார்.

"நல்லா இருந்துச்சு."

"ம். போடு."

அடுத்த பந்து கூக்ளி போட்டேன். உள்ளே திரும்பி ஸ்டம்பை உரசாமல் போனது. நெட்டையர் என்னைப் பார்த்தார், பிறகு அண்ணனைப் பார்த்தார்.

மதியம் மில் கேன்டீனில் இருந்து இரண்டு அணிக்கும் சாப்பாடு வந்தது. சாம்பார், முட்டைக்கோஸ் பொரியல், அப்பளம். சாப்பாட்டுக்குப் பிறகு மறுபடியும் ஒரு சிக்சர். மறுபடியும் அண்ணன்.

"இப்ப என்ன வெஞ்சனம்?"

"முட்டைக்கோஸ்ணே."

"நல்லா இருந்துச்சா?"

"வேகலை."

"ம். போடு."

லெக் பிரேக் போட்டேன். வெளியே விலகிப் போனது. நெட்டையர் அதைத் தொடாமல் விட்டார், தெரிந்தே விட்டவர் மாதிரி. பிறகு பின்னால் திரும்பி பஷீரிடம், "சார், இந்த வெஞ்சனம்னா என்ன?" என்று கேட்டிருக்கிறார்.

சென்னையில் அந்தச் சொல் புழக்கத்தில் இல்லை. நேராகப் பதில் சொல்லியிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். பஷீர் முகத்தை மையவாடியில் மண் தள்ளப் போகிறவன் மாதிரி வைத்துக்கொண்டு, "அது எங்க டீம் விஷயம் சார், வெளிய சொல்றதில்ல" என்றிருக்கிறான்.

ஓவர் முடிந்ததும் என்னிடம் வந்தான். "மாப்ளே, கருவாடுன்னா கூக்ளி, கோஸுன்னா லெக் பிரேக்குன்னு நெனைச்சுக்கிட்டு நிக்கிறார். அடுத்த தடவை கருவாடுன்னு சொல்லிப்புட்டு லெக் பிரேக் போடு. உள்ள வரும்னு கால நீட்டுவார், பேட்டு ஓரத்துல பட்டு எங்கிட்ட வந்துரும். தோலு போத்துன கையில விழுந்தா தப்பாது."

"மதியம் தின்னது கோஸுடா."

"அட, வெஞ்சனந்தான. அல்லாகிட்டயா சாட்சி சொல்லப் போற?"

அவர்களுக்கு இன்னும் பன்னிரண்டு ரன். எங்களுக்கு இன்னும் இரண்டு விக்கெட். கடைசியில் நிற்பவனுக்கு பேட் எந்தப் பக்கம் பிடிப்பது என்பதே சந்தேகம், ஆகவே நெட்டையர் போனால் கோப்பை எங்களுக்கு. அவர் நின்றால் தோற்றோம். நெட்டையர் என்னை இன்னொரு சிக்சர் அடித்தார். இனி ஆறே ரன்.

அண்ணன் நடந்து வந்தார். அந்த நேரம் நான் கோப்பையை நினைத்தேன் என்று எழுதினால் மலருக்கு அழகாக இருக்கும். நான் நினைத்தது வத்தலக்குண்டு மாமாவை.

"என்ன வெஞ்சனம்?"

நான் நெட்டையரைப் பார்த்தேன். அவர் பேட்டைத் தரையில் ஊன்றிக்கொண்டு காதைத் தீட்டி நின்றார். பஷீர் கையுறையைத் தட்டிக்கொண்டான்.

"கருவாடுண்ணே" என்றேன். சத்தமாகவே சொன்னேன்.

அண்ணன் என்னையே பார்த்தார். அவரும் அதே பந்தியில், எனக்குப் பக்கத்து இலையில், அதே வேகாத கோஸைத் தின்றவர். நல்லா இருந்துச்சா என்று கேட்கவில்லை. 'ம்' கூடச் சொல்லவில்லை. 'போடு' என்றும் சொல்லவில்லை. திரும்பி நடந்தார். மிட் ஆஃபுக்குப் போகிற வழியில் கை தானாகச் சட்டைப்பைக்குப் போய், உள்ளே காகிதம் இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டது. அல்லது எனக்கு அப்படித் தோன்றியது.

பந்தைப் பிடித்தேன். லெக் பிரேக், லெக் பிரேக் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே ஓடிவந்தேன். மோதிர விரல் தயாராக இருந்தது. கை மேலே போனது. விடுகிற நொடியில் அண்ணனின் அந்த முகம் கண்ணில் பட்டது. மணிக்கட்டு தானாகக் கவிழ்ந்தது.

புறங்கை பேட்ஸ்மேனைப் பார்த்தது. கூக்ளி. நான் நினைக்காத கூக்ளி. வாய் கருவாடு என்றது, கை கருவாட்டையே போட்டது.

போச்சு என்று கண்ணை மூடினேன். கூக்ளிதான் வரும் என்று காத்து நிற்கிற ஆளுக்கே கூக்ளி போட்டாகிவிட்டது. டொக் என்று ஒரு சத்தம். கண்ணைத் திறந்தால் நெட்டையரின் நடு ஸ்டம்ப் சாய்ந்து கிடக்கிறது. அவர் வெளியே போகிற பந்துக்கு பேட்டை நீட்டியிருந்தார். பந்து பேட்டுக்கும் காலுக்கும் நடுவே உள்ளே புகுந்திருந்தது. பஷீர் கேட்ச் பிடிக்கப் போன திசை வேறு, பந்து வந்த திசை வேறு. என்னைவிட அவன்தான் அதிகம் திகைத்து நின்றான்.

கடைசி ஆள் அடுத்த ஓவரிலேயே போனான். கோப்பை எங்களுக்கு. என்னைத் தோளில் தூக்கினார்கள். தூக்கியவர்களில் அண்ணன் இல்லை. அவர் குனிந்து மேட்டில் இருந்த ஆணிகளைப் பிடுங்கிக்கொண்டிருந்தார்.

டீ குடிக்கும்போது நெட்டையர் எங்களைத் தேடி வந்தார். எனக்குக் கை கொடுத்துவிட்டு அண்ணனிடம் திரும்பினார்.

"சார், உங்க சங்கேதத்தை நான் கண்டுபிடிச்சுட்டேன். கருவாடுன்னா உள்ள வரும். ஆனா நான் கண்டுபிடிச்சது உங்க கீப்பருக்குத் தெரிஞ்சுபோச்சு. அதனால கருவாடுன்னு சொல்லிட்டு மாத்திப் போடுவீங்கன்னு வெளிய போற பந்துக்கு ஆடினேன். நீங்க சொன்னதையே போட்டீங்க. நேர்மையான டீம் சார்."

நேர்மை என்ற சொல்லை அவர் அங்கேதானா எடுக்க வேண்டும்? பஷீர் டீ டம்ளருக்குள் முகத்தை வைத்துக்கொண்டான். அண்ணன், "நன்றிங்க" என்று மட்டும் சொன்னார். அவர் போன பிறகு என்னிடம், "மொபெட்ல ஏறு" என்றார்.

மில் பஸ்ஸில் எல்லாரும் பாட்டுப் பாடிக்கொண்டு போக, நான் அண்ணனின் மொபெட்டில் பின்னால் உட்கார்ந்து திண்டுக்கல் ரோட்டில் போனேன். வெயில் இன்னும் முழுக்க இறங்கவில்லை. துரைப்பாண்டிக்குத் திருப்பூரில் என்ன சம்பளம் என்று பஷீரிடம் விசாரிக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு அசைவ மெஸ் வாசலில் வண்டியை நிறுத்தினார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அந்த வாசல் வழியாகப் போகவே மூக்கைப் பொத்துகிறவர் அவர்.

"கருவாடு இருக்கா?" என்றார். உள்ளே சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எல்லாரும் திரும்பினார்கள்.

"தீந்துபோச்சுண்ணே. சுக்கா இருக்கு, ஈரல் இருக்கு."

"கருவாடுதான் வேணும்."

அடுத்த மெஸ்ஸில் மதியமே தீர்ந்துவிட்டது. மூன்றாவது ஒரு சந்துக்குள் இருந்தது. அந்த அம்மா, "கொழம்பு இருக்குய்யா, ரெண்டு துண்டுதான் கெடக்கும்" என்றார். "போதும். இவனுக்கு ஒரு சாப்பாடு, கருவாட்டுக் கொழம்பு. எனக்கு ஒரு மோர்" என்று அண்ணன் என் எதிரில் உட்கார்ந்தார். கைக்குட்டையைக் காலரில் இருந்து எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டார்.

"சாப்பிடு."

"அண்ணே…"

"சொல்லிட்டேல்ல. பொழுது விழுகுறதுக்குள்ள அது நெசமாயிரணும். சாப்பிடு."

சாப்பிட்டேன். என் ஆயுளில் அவ்வளவு பயந்துகொண்டு கருவாடு தின்றதில்லை. பாதிச் சோற்றில் எனக்குத் தாங்கவில்லை.

"அண்ணே, இன்னொண்ணு இருக்கு. அது நான் போட்டதில்ல."

"எது?"

"கடைசிப் பந்து. லெக் பிரேக் போடத்தான் ஓடியாந்தேன். கை ஏமாத்திருச்சு. அவரு பெரிய ஆளு, ரெண்டு தடவை யோசிச்சாரு. அதுல அவுட்டாயிட்டாரு. என் தெறமை ஒண்ணும் இல்லண்ணே."

அண்ணன் கைக்குட்டையை மூக்கில் இருந்து எடுத்தார். கொஞ்ச நேரம் என் வலது கையையே பார்த்துக்கொண்டிருந்தார். குழம்பு வழிந்துகொண்டிருந்த அந்த மோதிர விரலை.

"இப்ப என்ன வெஞ்சனம்?"

"கருவாடுண்ணே."

"நல்லா இருக்கா?"

"முள்ளு ஜாஸ்தி."

"ம்."

சட்டைப்பையில் இருந்து படிவத்தை எடுத்து, மேசையில் விரித்து, மோர் டம்ளரை அதன் மேல் பாரமாக வைத்து, பேனாவைத் திறந்தார். ஒரு கட்டத்தில் மட்டும் ரொம்ப நேரம் எழுதினார். எழுதி முடித்ததும் எழுத்து தெரியாதபடி மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துவிட்டார்.

"அண்ணே, என்ன எழுதுனீங்க?"

"கையக் கழுவு. வண்டி ஏறணும்."

அடுத்த மாதமே நிரந்தர உத்தரவு வந்தது. வத்தலக்குண்டு மாமா நாள் குறித்தார். பிறகு மாநில அணியின் பதினைந்து பேரில் ஒருவனாக இரண்டு பருவம் இருந்தேன். களத்தில் இறங்கியது சில ஆட்டங்கள்தான். ஆனால் பன்னிரண்டாவது ஆளாகத் தண்ணீர் கொண்டுபோவதில் என்னை மிஞ்ச ஆள் கிடையாது. ஒரு சொட்டு சிந்தமாட்டேன். அந்தக் கூக்ளியைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் நான் உண்மையைச் சொல்கிறேன். எல்லாரும் சிரித்துவிட்டு, சாருக்கு என்ன தன்னடக்கம் என்கிறார்கள்.

மாணிக்கம் அண்ணன் எனக்கு வெகு முன்னால் ஓய்வு பெற்றார். அந்தக் கட்டத்தில் என்ன எழுதினார் என்று கடைசி வரை சொல்லவில்லை. கேட்கும்போதெல்லாம் பேச்சை வெஞ்சனத்துக்குத் திருப்பிவிடுவார்.

நான் ஓய்வு பெற்ற அன்று, பணியாளர் அலுவலகத்தில் இருந்த பெண் அதிகாரி என் ஃபைலைப் புரட்டிக்கொண்டிருந்தார். என் மகள் வயது. ஒரு பக்கத்தில் நின்றுவிட்டார்.

"சார், உங்க மொத ஃபாரத்துல ஒரு வட்டக் கறை இருக்கு. டம்ளர் வச்ச மாதிரி. பக்கத்துல மஞ்சளா வேற ஏதோ."

"மோரும் கருவாட்டுக் குழம்பும்மா."

அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு மறுபடி குனிந்தார். "ஃபாரம் பூரா இங்கிலீஷ்ல இருக்கு. இந்த ஒரு கட்டம் மட்டும் தமிழ்ல எழுதிருக்காங்க. நேர்மைங்கிற எடத்துல."

"வாசிங்கம்மா" என்றேன்.

அவர் நிதானமாக வாசித்தார்: "பொய் சொல்லத் தெரியாது. ஒரே ஒரு தடவை முயன்றார். கை ஒத்துழைக்கவில்லை."

கண்ணாடியைத் துடைக்க எனக்குக் கொஞ்ச நேரம் தேவைப்பட்டது. அந்தப் பெண் நல்ல பெண். வேறு எதையோ தேடுவது போல அலமாரிப் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு வழியனுப்பு விருந்துக்கு எல்லாரும் கேன்டீனுக்குப் போனோம். என்ன வெஞ்சனம் என்று கேட்பீர்கள். முட்டைக்கோஸ். வேகவில்லை.